டாக்டர் இராதாகிருஷ்ணனின் அறநோக்கு – ஒரு திறனாய்வு

ஆண்டுதோறும் செப்டம்பர் 5 ஆம் நாள் நம் பிள்ளைகள் பயிலும் பள்ளிகளில் ஒரு படத்துக்கு மாலை சூட்டப்பெறுகிறது. வெண்ணிறத் தலைப்பாகை, மூக்குக்கண்ணாடி, நீண்ட மேலங்கி. அப்படத்தின்முன் நின்று பிள்ளைகள் தெலுங்கிலும் ஆங்கிலத்திலும் பேசிப் பரிசு பெறுகின்றனர். வீடு திரும்பியபின் நம்மிடம் தமிழில் ஒரு கேள்வி கேட்கின்றனர்: "இவர் என்னதான் எழுதினார்?" ஆசிரியராக இருந்தார், குடியரசுத் தலைவராக உயர்ந்தார் என்று விடை கூறிவிட்டு நாம் வேறு பேச்சுக்குப் போய்விடுகிறோம். 1962 முதல் ஆசிரியர் நாளாகக் கொண்டாடப்பெறும் அந்நாளில் அவர்தம் நூல்களைத் திறந்து பார்ப்போர் மிகச் சிலரே. அவருள்ளும் அந்நூல்களோடு வழக்காடிப் பார்ப்போர் அரியர். அக்குறையைச் சிறிதேனும் போக்குதல் இக்கட்டுரையின் நோக்கம்.

சித்தூரிலும் திருப்பதியிலும் வாழும் தமிழ்க் குடும்பங்களாகிய நமக்கு அவர் அயலார் அல்லர். தெலுங்கு பேசும் குடும்பத்தில், முருகன் குன்றின் அடியில் அமைந்த திருத்தணியில், 1888 இல் பிறந்தவர் அவர். அப்போது திருத்தணி வட ஆர்க்காட்டைச் சேர்ந்திருந்தது. 1911 இல் சித்தூர் மாவட்டம் அமைந்தபோது அதில் சேர்ந்தது. 1953 இல் ஆந்திர மாநிலத்தோடு சென்றது. எல்லைப் போராட்டங்களுக்குப் பின் 1960 ஏப்ரல் முதல் நாளன்று சென்னை மாநிலத்தை அடைந்தது. தம் பிறந்த ஊர் மாநிலம் மாறிய அந்நாளில் அவர் இந்தியக் குடியரசின் துணைத்தலைவராக வீற்றிருந்தார். அவர் தமிழரா, தெலுங்கரா என்று நம் கூட்டங்களில் அவ்வப்போது எழும் வழக்கில் நமக்கு ஆர்வம் இல்லை. தொல்காப்பியப் பாயிரம் தமிழ் வழங்கும் நிலத்துக்கு வேங்கடத்தை வட எல்லையாகக் கூறுகிறது. அவ்வெல்லைக் கோட்டின்மேலேயே பிறந்து, அம்மலையின் அடியிலேயே பள்ளி சென்ற ஒருவர் அறம் பற்றி என்ன சிந்தித்தார் என்பதே நாம் கேட்கத்தக்க கேள்வி.

அவர் படித்த பள்ளி எது என்பதில் ஒரு நுட்பம் உண்டு. 1896 முதல் 1900 வரை திருப்பதியில் அவர் பயின்றது ஜெர்மானிய லுத்தரன் சமயத் தொண்டர்கள் நடத்திய பள்ளி. அடுத்து வேலூரிலும், 1904 முதல் சென்னைக் கிறித்தவக் கல்லூரியிலுமாகப் பன்னிரண்டு ஆண்டுகள் அவர் கிறித்தவ நிறுவனங்களிலேயே கற்றார். ஏழுமலையான் கோயில் மணி கேட்கும் ஊரில், விவிலியம் ஓதும் வகுப்பறை! இரண்டுக்கும் இடையில் அமர்ந்திருந்த சிறுவனுக்கு ஒரு கேள்வி காதில் விழுந்துகொண்டே இருந்தது: உங்கள் தத்துவத்தில் அறத்துக்கு இடம் உண்டா? அக்கேள்விதான் தம்மை இந்திய மெய்ப்பொருளைக் கற்கத் தூண்டியது என்று பிற்காலத்தில் அவரே தம் தன்வரலாற்றுக் கட்டுரைகளில் எழுதியிருக்கிறார். தத்துவத்தைப் பாடமாக எடுத்ததோ தற்செயல். பட்டம் பெற்று வெளியேறிய உறவினர் ஒருவர் தம் தத்துவப் புத்தகங்களைக் கொடுத்தார். வேறு பாடத்துக்குப் புத்தகம் வாங்கப் பொருள் இல்லை. பழைய புத்தகம் பார்த்துப் பாடம் தேர்ந்த அனுபவம் நம்முள் பலருக்கும் உண்டு.

அக்கேள்வியைச் சற்று விரித்துப் பார்ப்போம். அலிபிரியிலிருந்து மலைமேல் ஏறும் படிவழியில் முதியவர் ஒருவர் களைத்து அமர்ந்துவிட்டார் என்று வைத்துக்கொள்வோம். நம் கையில் தண்ணீர் இருக்கிறது. சமயத் தொண்டர் கேட்கிறார்: "உலகம் மாயை என்பது உங்கள் கொள்கை; அப்படியானால் இவருடைய தாகமும் மாயை அன்றோ? இவர் படும் துன்பம் பழவினைப் பயன் என்பதும் உங்கள் கொள்கை. அப்படியானால் அதில் நீங்கள் குறுக்கிடுவானேன்?" இது குறும்பான கேள்விதான். ஆயினும் வெறும் குறும்பு என்று தள்ளிவிடத்தக்கது அன்று. தண்ணீரை நாம் கொடுத்துவிடுவோம், ஐயமில்லை. ஆனால் நாம் கொடுப்பது நம் கொள்கையினாலா, கொள்கையை மீறியா என்பதே கேள்வியின் முனை.

1908 இல், இருபது வயதில், எம்.ஏ. பட்டத்துக்காக அவர் எழுதிய ஆய்வேடு இதற்கு விடை கூறப் புகுந்தது. வேதாந்தத்தின் அறவியலும் அதன் மெய்ப்பொருள் அடிப்படைகளும் என்பது அதன் தலைப்பு. (அவர் எல்லாவற்றையும் ஆங்கிலத்திலேயே எழுதினார்; தலைப்புகளை இங்கு நாம் தமிழாக்கியே தருகின்றோம்.) அதனைப் படித்தவர் பேராசிரியர் ஆல்ஃபிரட் ஜார்ஜ் ஹாக். அவரோ வினைக்கோட்பாட்டைக் கிறித்தவ மீட்புக் கொள்கையோடு ஒப்பிட்டுக் கட்டுரைகள் எழுதியவர். அக்கட்டுரைகள் 1909 இல் நூலாயின. தம் ஆசிரியரின் கருத்தையே மறுக்கும் ஏட்டை ஆசிரியரிடமே கொடுக்கும் மாணவனின் அச்சத்தை நாம் உணரலாம். ஹாக் சினம் கொள்ளவில்லை. பாராட்டிச் சான்று எழுதினார். கருத்து வேறுபாட்டை மதிப்பெண்ணில் காட்டாத ஆசிரியர்க்கும் அந்த செப்டம்பர் 5 இல் ஒரு மாலை உரியது என்போம்.

ஆய்வேட்டின் வாதம் சுருக்கமாக இது: மாயை என்பது பொய்த்தோற்றம் அன்று. உலகம் தன்னளவில் நிறைவுடைய முழுமெய் அன்று என்பதே அதன் பொருள். ஆகவே உலகில் நன்மை தீமை வேறுபாடு உண்டு; செயலுக்கு இடம் உண்டு. உயிர்கள் எல்லாம் ஒரே மெய்ப்பொருளில் வேர்கொண்டவை ஆதலின் பிறனுக்கு நன்மை செய்தல் இயல்பாகவே அறமாகிறது. இளைஞன் எழுதியது என்பதை எண்ணிப் பார்த்தால் துணிவான எழுத்துத்தான். ஆனால் இதில் ஒரு வழக்கறிஞனின் சாயல் இருக்கிறது. குற்றச்சாட்டை எதிர்த்தரப்பு எந்த வடிவில் கொடுத்ததோ அதே வடிவில் ஏற்றுக்கொண்டு விடை கூறுகிறார். 'தத்துவத்திலிருந்துதான் அறம் பிறக்கவேண்டும்' என்பது ஹாக்கின் வகுப்பறைக் கொள்கை. அதை மாணவர் ஐயுறவே இல்லை. பின்னர் எழுதிய நூல்களிலும் பெரும்பாலும் ஐயுறவில்லை. இதனை நினைவில் வைத்துக்கொண்டு மேலே செல்வோம்.

1911 இல் அயல்நாட்டு அறவியல் இதழ் ஒன்றில் கீதையின் அறத்தையும் ஜெர்மானிய மெய்யியலார் காண்ட்டின் அறத்தையும் அவர் ஒப்பிட்டு எழுதினார். இருவரும் பயன் கருதாக் கடமையைப் பேசுகின்றனர், இஃது ஒற்றுமை. காண்ட் அறிவையும் உணர்ச்சியையும் பகைவர்களாக்கி நிறுத்துகிறார், கீதை உணர்ச்சியைக் கொல்லச் சொல்லவில்லை, நெறிப்படுத்தச் சொல்லுகிறது, இது வேற்றுமை. அன்பினால் தண்ணீர் கொடுப்பவனைவிடக் கடமை என்று பல்லைக் கடித்துக்கொண்டு கொடுப்பவனே உயர்ந்தவன் என்று தோன்றும்படி எழுதியவர் காண்ட். இதைக் கீதையின் வழி நின்று திருத்த முனைந்தது நல்ல முயற்சியே. ஆனால் காண்ட்டின் மேல் உலகமெங்கும் சொல்லப்படும் மற்றொரு குறை, 'கடமையைச் செய்' என்பாரே அன்றி எது கடமை என்று அவர் கூறமாட்டார் என்பது. கீதை வழியில் விடை தேடுவோர்க்கு அங்கே 'சுவதருமம்' என்னும் சொல் கைகொடுக்கிறது. அவரவர் நிலைக்கு உரிய கடமை. இங்கிலாந்தில் பிராட்லி என்பாரும் 1876 இல் ஒருவனுடைய நிலையும் அதன் கடமைகளும் என்று இதையொத்த கருத்தை எழுதியிருந்தார். அக்காலக் கல்லூரிகளில் அவர் பெயர் ஓங்கியிருந்தது. கேட்க இனிதாக இருக்கும் இச்சொற்கள் சித்தூர்ப் பக்கத்துச் சிற்றூர் ஒன்றில் காலை வைத்தவுடன் வேறு பொருள் கொள்கின்றன. நிலையை யார் வகுத்தார்? பிறப்பு வகுத்தது.

இனி அவரை உலகறியச் செய்த நூலுக்கு வருவோம். 1926 இல் ஆக்ஸ்போர்டு மான்செஸ்டர் கல்லூரியில் நிகழ்த்திய நான்கு சொற்பொழிவுகள் மறு ஆண்டு 'இந்து வாழ்வியல் நோக்கு' என நூலாயின. அளவில் சிறியது, நடை தெளிந்த ஓடை. வாக்கியங்கள் ஒன்றையொன்று தள்ளிக்கொண்டு ஓடுவதால் படிப்பவன் வாதத்தை நிறுத்து அளப்பதற்குமுன் தலையசைத்து விடுகிறான். மேடையில் வெற்றி பெறும் நடை ஏட்டில் சிறிது ஆபத்தானது. நம் தமிழ் மேடைகளைக் கண்டவர்க்கு இது புதிதன்று.

வினைக்கோட்பாட்டை விளக்க அந்நூலில் ஓர் உவமை வருகிறது. வாழ்க்கை ஒரு சீட்டாட்டம். கையில் வந்த சீட்டுகளை நாம் தேர்ந்தெடுக்கவில்லை. அவை முன்வினை தந்தவை. ஆனால் அச்சீட்டுகளைக் கொண்டு எப்படி ஆடுவது என்பது நம் கையில் இருக்கிறது. ஆட ஆட வெற்றியோ தோல்வியோ நம்முடையது. வினையையும் விருப்புரிமையையும் ஒருங்கே காட்டும் அழகிய உவமை என்று பலரும் போற்றியுள்ளனர். அழகியதுதான். ஆயினும் உவமையைச் சற்றுப் பிசைந்து பார்ப்பது திறனாய்வின் தொழில். பிரிட்ஜ் ஆட்டத்தில் நால்வர்க்கும் தலைக்குப் பதின்மூன்று சீட்டுகள். நால்வரும் ஒரே மேசையைச் சுற்றி நாற்காலியில் அமர்ந்திருக்கின்றனர். விதி நால்வர்க்கும் ஒன்றே. மேசையருகே வரவே கூடாது என்று வாசலில் நிறுத்தப்பட்டவனைப் பற்றி அவ்வுவமை என்ன கூறும்? அவனுக்குச் சீட்டே இல்லை. உவமையின் எல்லை அதுவே. அந்நூலின் அறத்துக்கும் எல்லை அதுவே என்று தோன்றுகிறது.

நான்காம் சொற்பொழிவில் சாதி பற்றி அவர் பேசுகிறார். வெவ்வேறு இனத்தார் ஒருவரையொருவர் அழித்துக்கொள்ளாமல் ஒரே நாட்டில் சேர்ந்து வாழக் கண்ட ஏற்பாடு அது. பிற கண்டங்களில் வலியோர் எளியோரை அழித்தனர் அல்லது அடிமையாக்கினர். இங்கு ஒவ்வொருவர்க்கும் ஓரிடம் அளிக்கப்பட்டது என்பது வாதத்தின் போக்கு. அந்த ஏற்பாடு காலப்போக்கில் இறுகிப்போனதை அவர் மறைக்கவில்லை. ஆனாலும் ஆங்கிலேயர் அவையில் நின்று தம் வீட்டைக் காத்துப் பேசும் குரல் அது. வெளியார் குறை கூறும்போது வீட்டுக் குறையை மூடிப் பேசுதல் மனித இயல்பு. புலம்பெயர்ந்து வாழும் நாமும் அயலாரிடம் நம் ஊரைப்பற்றிப் பேசும்போது அப்படித்தான் பேசுகிறோம். அறநூல் எழுதுவோர்க்கு அவ்வியல்பு தகுமா?

பத்தாண்டுகள் சென்று, 1936 இல், இதற்கு ஒரு விடை வந்தது. லாகூரில் நிகழ்த்துவதற்கென எழுதப்பெற்று, நிகழ்த்த இடமளிக்கப்படாமல், எழுதியவராலேயே அச்சிடப்பெற்ற அம்பேத்கரின் 'சாதி ஒழிப்பு' அது. இந்துப் பண்பாடு பல்லாயிரம் ஆண்டுகள் அழியாமல் நின்றமையே அதன் தகுதிக்குச் சான்று என்னும் கருத்தை இராதாகிருஷ்ணனின் பெயரைக் கூறியே அவர் எடுத்துக்கொள்கிறார். ஒரு சமுதாயம் உயிரோடிருக்கிறதா என்பது பெரிதன்று. எந்த நிலையில் உயிரோடிருக்கிறது என்பதே பெரிது என்பது அவர் மறுப்பு. தோற்று ஓடியும் உயிர் பிழைக்கலாம், வென்று நின்றும் உயிர் வாழலாம். இரண்டும் ஒன்றல்ல என்கிறார். இருபது பக்கத்தில் கூறவேண்டியதை அம்பேத்கர் இரண்டு பத்தியில் முடித்துவிட்டார். இவ்விருவரையும் ஒருசேரப் படிக்காமல் முன்னவரை மட்டும் மேடையில் புகழ்வோர் பாதிப் பாடத்தையே படிக்கின்றனர் என்பது எம் கருத்து.

அதே 1936 இல் ஆக்ஸ்போர்டில் கீழைச் சமயங்களுக்கும் அறவியலுக்கும் என நிறுவப்பெற்ற ஸ்பால்டிங் பேராசிரியர் பதவியை முதன்முதலாக ஏற்றவர் இராதாகிருஷ்ணன். பதவியின் பெயரிலேயே அறவியல் இருக்கிறது. அவ்வாண்டிலேயே ஆல்பர்ட் ஷுவைட்சரின் இந்தியச் சிந்தனை பற்றிய நூல் ஆங்கிலத்தில் வெளிவந்தது. ஆப்பிரிக்கக் காட்டில் மருத்துவமனை நடத்திய அப்பெரியார், இந்திய மெய்யியல் உலகையும் வாழ்வையும் மறுப்பது. ஆதலின் அதில் செயல்முறை அறம் வேர்கொள்ள இடமில்லை என்று எழுதினார். திருப்பதி வகுப்பறையில் கேட்ட பழைய கேள்வி, இம்முறை உலகப் புகழ் பெற்ற ஒருவரின் வாயில்! 1939 இல் வந்த 'கீழைச் சமயங்களும் மேலைச் சிந்தனையும்' என்னும் பெருநூலில் ஓர் இயல் முழுவதும் இதற்கான விடை. உலகை ஏற்றல், உலகை மறுத்தல் என்று கிழக்கையும் மேற்கையும் பிளப்பது பொருந்தாது. கிறித்தவத்திலும் துறவு உண்டு. அகம் தூய்மையுற்றவனிடமிருந்தே தூய செயல் பிறக்கிறது. நன்மை தீமையைக் கடந்தவன் என்றால் தீமை செய்ய உரிமை பெற்றவன் என்பதன்று, நன்மை அவனுக்கு முயற்சியின்றி இயல்பாகிவிட்டது என்பதே பொருள். இவை அவ்வியலின் முதன்மையான கருத்துகள். 1908 ஆம் ஆண்டு மாணவனைவிடப் பன்மடங்கு முதிர்ந்த எழுத்து. இறுதிக் கருத்து குறிப்பாகப் போற்றத்தக்கது.

ஆனால் தமிழராகிய நாம் அவ்விடத்தில் சற்று நின்றுவிடுகிறோம். ஷுவைட்சர் இந்திய நூல்கள் எல்லாவற்றையும் ஒரே தட்டில் வைக்கவில்லை. ஒரு நூலை அவர் தனியே எடுத்து வியந்தார். வாழ்வை ஏற்கும் அன்பறம் அதில் செழித்திருப்பதாக எழுதினார். அந்நூல் திருக்குறள். ஆகவே அவருக்கு விடை கூற எளிய வழி ஒன்று வேங்கடத்தின் தென்புறத்திலேயே கிடந்தது. இராதாகிருஷ்ணனின் வாதமோ பெரும்பாலும் உபநிடதம், கீதை, சங்கரர் என்னும் பெருவழியிலேயே செல்கிறது. இதனைத் தமிழ்ப் பற்றினால் கூறும் குறையாகக் கொள்ளவேண்டா. எந்நூலை மேற்கோள் காட்டினார் என்பது பெரிதன்று. இரண்டு வழிகளும் அடிப்படையிலேயே வேறு என்பதே பெரிது.

வேதாந்த வழியில், படியில் அமர்ந்த முதியவர்க்கு நான் ஏன் தண்ணீர் தரவேண்டும்? ஏனெனில் மெய்யாக நோக்கின் அவரும் நானும் ஒன்றே. ஜெர்மானிய அறிஞர் டாய்சன் 1893 இல் பம்பாயில் பேசும்போது இக்கருத்தைக் கூறினார். பிறனை உன்னைப்போல் நேசி என்று விவிலியம் கட்டளையிடுகிறது, ஏன் என்பதற்கு விடையை வேதாந்தம் தருகிறது என்றார். இராதாகிருஷ்ணனும் இவ்வழியினரே. பால் ஹாக்கர் என்னும் மற்றொரு ஜெர்மானியர் 1961 இல், இவ்வாறு ஒருமைக் கொள்கையிலிருந்து அன்பறத்தை வருவிப்பது பழைய வேதாந்திகள் செய்ததன்று, ஷோபன்ஹவரிடமிருந்து டாய்சன் வழியாக இந்தியாவுக்கு வந்தது என்று வாதிட்டார். அவ்வரலாற்று வழக்கு இன்னும் முடியவில்லை. நமக்கும் அதில் தீர்ப்புக் கூறும் தகுதி இல்லை. ஆனால் கருத்தளவில் ஓர் ஐயம் எழுகிறது. அவரும் நானும் ஒன்றே என்றால், அன்பு செய்ய இருவர் எங்கே? என் வலக்கை இடக்கைக்கு உதவுவதை யாரும் ஈகை என்று கூறுவதில்லையே!

குறளின் 'இன்னா செய்யாமை' அதிகாரத்தில் பிற உயிர் படும் நோயைப் பேணும் கருத்து வருமிடத்தில் 'போல்' என்னும் ஒரு சிறு சொல் நிற்கிறது. பிறிதின் நோய் என் நோய் என்று வள்ளுவர் கூறவில்லை. என் நோய் போல் என்கிறார். முதியவர் முதியவராகவே இருக்கிறார். நான் நானாகவே இருக்கிறேன். அவர் தாகம் எனக்கு இல்லை. இல்லாத அத்தாகத்தை இருப்பதுபோல் எண்ணிக் குனிவது அறிவின் வேலை. இதற்கு உலகம் மாயையா, மெய்யா என்ற வழக்குத் தீரும்வரை காத்திருக்கத் தேவையில்லை. ஹாக்கும் ஷுவைட்சரும் கேட்ட கேள்வி இங்கே எழவே எழாது. தத்துவத்திலிருந்துதான் அறம் பிறக்கவேண்டும் என்ற எடுகோளை மாணவர் இராதாகிருஷ்ணன் ஐயுறவில்லை என்றோமே, அவ்வெடுகோளுக்கு வெளியே நின்ற அறம் இது.

சாதிக்கும் இதற்கும் என்ன தொடர்பு என்று கேட்கலாம். நெருங்கிய தொடர்பு உண்டு. ஆன்ம அளவில் அனைவரும் ஒன்றே என்பவன், உலகியல் அளவில் வேற்றுமை இருந்தாலும் பாதகமில்லை என்று அமைதி கொள்ள வழியிருக்கிறது. மேலே சமம், கீழே ஏற்றத்தாழ்வு. இரண்டும் ஒருங்கே நிற்கலாம். 1926 ஆம் ஆண்டுச் சொற்பொழிவில் நேர்ந்தது இதுவே. 'போல்' என்று எண்ணுபவனுக்கு அவ்வமைதி கிடைப்பதில்லை. அவனுக்கு மறுக்கப்பட்ட கிணறு எனக்கு மறுக்கப்பட்டது போல் என்று எண்ணத் தொடங்கினால் இரவு உறக்கம் வராது. உடனே ஒன்றைச் சேர்த்துக் கூறிவிடவேண்டும். இல்லையேல் நாம் நம்மையே ஏமாற்றிக்கொண்டவர் ஆவோம். குறளை மனப்பாடம் செய்த நம் ஊர்களில் தனிக்குவளை இல்லாமலா இருந்தது? அதிகாரம் முழுவதையும் ஒப்புவித்துப் பரிசு வாங்கிய கையினாலேயே தண்ணீரைத் தூக்கி ஊற்றியவர்கள் நம் முன்னோர்களில் இருந்தனர். ஆகவே நூலின் பெருமை நூலுக்கு உரியது. நமக்கு அதில் பங்கு கேட்க உரிமை குறைவு.

இராதாகிருஷ்ணன் அங்கேயே நின்றுவிட்டார் என்று எண்ணினால் அவருக்கு அநீதி செய்தவர் ஆவோம். 1942 இல் கல்கத்தாவிலும் காசியிலும் அவர் நிகழ்த்திய கமலா சொற்பொழிவுகள் 1947 இல் 'சமயமும் சமுதாயமும்' என்னும் நூலாக வந்தன. எம் மதிப்பீட்டில் அவருடைய அறநூல்களுள் தலையாயது இதுவே. புகழில் கடைசியில் நிற்பதும் இதுவே. தருமத்தின் விதிகள் என்றும் மாறாதவை என்னும் எண்ணத்தை அவர் இங்கே நேராக எதிர்க்கிறார். காலத்துக்குக் காலம் ஸ்மிருதிகள் மாறியுள்ளன. மாற்றும் உரிமை நமக்கும் உண்டு. சட்டமன்றமும் அதற்கு ஒரு கருவி என்கிறார். தீண்டாமையை ஐயத்துக்கு இடமின்றிக் கண்டிக்கிறார். சாதிப் பிரிவுகள் நாட்டின் ஒருமைக்குத் தடை என்கிறார். வீட்டைக் காத்துப் பேசும் குரல் மறைந்து, வீட்டாரைத் தட்டிக் கேட்கும் குரல் வந்திருக்கிறது. அவையும் மாறியிருந்தது என்பதை மறக்கலாகாது. முன்னர்க் கேட்டவர் ஆக்ஸ்போர்டார், இப்போது கேட்டவர் கல்கத்தாவினரும் காசியினரும். நூல் வந்த அதே 1947 இல்தான் சித்தூரும் திருப்பதியும் உள்ளிட்ட சென்னை மாகாணத்தில் கோயில் நுழைவுச் சட்டம் நிறைவேறியது. அம்பேத்கரின் மறுப்பு அவரை எவ்வளவு தூரம் மாற்றிற்று என்று அளந்து கூற இயலாது. காலமும் காந்தியடிகளும் மாற்றியிருக்கலாம். மாறினார் என்பது மட்டும் இரு நூல்களையும் அருகருகே வைத்துப் படிப்போர்க்கு வெளிப்படை.

பெண்கள் பற்றிய இயல் நம் குடும்பங்களில் உரக்கப் படிக்கத்தக்கது. பெண்கல்வி, குழந்தை மணத்தின் கேடு, பொருந்தா மணத்திலிருந்து விடுதலை ஆகியவற்றை அவர் ஒளிவின்றிப் பேசுகிறார். மணவிலக்கை நாவினால் சொல்லவே கூசிய காலம் அது. பழைய நூல்களிலேயே விலக்குகளுக்கு இடமிருப்பதை எடுத்துக்காட்டுகிறார். ஆயினும் பெண்மை என்றால் பொறுமை, தாய்மை, தியாகம் என்னும் பழைய அணிகலன்களை அவர் கழற்றிவிடவில்லை. ஒரு பக்கத்தில் உரிமையும் மறுபக்கத்தில் அணிகலனுமாக அவ்வியல் தடுமாறுகிறது. 1955 இல் இந்துத் திருமணச் சட்டம் நிறைவேறியபோது மாநிலங்களவைத் தலைவராக அமர்ந்திருந்தவர் அவரே என்பதும் நினைக்கத்தக்கது.

போரும் அகிம்சையும் பற்றிய இறுதி இயலைப் பற்றி அதிகம் கூறவேண்டியதில்லை. உலகப் போர் நடந்துகொண்டிருந்தபோது பேசியது. காவலுக்குப் பயன்படும் வலிமை வேறு, பகையால் எழும் வன்முறை வேறு என்று அவர் பிரிக்கிறார்; காந்தியடிகளின் இலட்சியத்தை வணங்கியும் நாடாள்வோனின் இக்கட்டை உணர்ந்தும் நடுவில் நிற்கிறார். நேர்மையான நிலைதான், புதுமை குறைவு.

இங்கு மற்றொரு சித்தூர்க்காரர் நினைவுக்கு வருகிறார். மதனப்பள்ளியில் 1895 இல் பிறந்த ஜிட்டு கிருஷ்ணமூர்த்தி, தமக்கென அமைக்கப்பட்ட விண்மீன் சங்கத்தை 1929 இல் தாமே கலைத்தார். அறத்துக்குக் கோட்பாடே வேண்டா, உள்ளத்தை உற்றுநோக்கினால் போதும் என்பது அவர் வழி. ஒருவர் கோட்பாட்டின்மேல் கோட்பாடு அடுக்கினார். மற்றவர் எல்லாவற்றையும் இறக்கி வைத்தார். ஒரே வட்டாரத்து மண் இருவரையும் ஈன்றது. கிருஷ்ணமூர்த்தியைப் படித்தபின் இராதாகிருஷ்ணனிடம் திரும்புவோர்க்குச் சுமை மிகுதியாகத் தோன்றும். ஆனால் சட்டம், மணவிலக்கு, கோயில் வாயில் என்று கையால் தொட்டுப் பார்க்கத்தக்க செய்திகளுக்கு வரும்போது இராதாகிருஷ்ணனிடமே விடை கிடைக்கிறது. இது எம் அனுபவம். பிறர் வேறு கருதலாம்.

நம் பிள்ளைகளுள் ஒருவர் அடுத்த ஆசிரியர் நாளுக்கு முன் அவருடைய நூல் ஒன்றைப் படிக்க விரும்பினால், 1947 ஆம் ஆண்டு நூலை முதலில் கொடுப்போம். அதன் மூன்றாம் இயலாகிய இந்து தருமத்தையும் நான்காம் இயலாகிய பெண்களையும் படித்துவிட்டு 1926 ஆம் ஆண்டுச் சொற்பொழிவுகளுக்குப் பின்னோக்கிச் செல்லட்டும். நான்காம் சொற்பொழிவை எட்டும்போது அம்பேத்கரின் நூலையும் மேசைமேல் எடுத்து வைப்போம். இன்னா செய்யாமை அதிகாரம் அவர்களுக்கு எப்படியும் தெரிந்திருக்கும். தெலுங்குப் பள்ளியில் பயில்வோர்க்கு மட்டும் நாம்தாம் வீட்டில் சொல்லிக்கொடுக்க வேண்டியிருக்கும்.